ஆட்டு மயிர் எண்ணுகிறவன்

கிட்டுசாமியின் இடது கையில் ஒரு க்ளிக்கர், வலது கையில் ஒரு க்ளிக்கர். கட்டை விரலால் ஒரு தட்டுத் தட்டினால் ஒரு எண் கூடும். முன்னால் மைக்ராஸ்கோப்பின் திரை. அதில் ஒவ்வொரு மயிராக நகர்ந்து வரும். வெள்ளாட்டு மயிர் என்றால் இடது கை தட்டும், செம்மறி என்றால் வலது கை. ஒரு சாம்பிளுக்கு ஆயிரம் மயிர், ஒரு நாளைக்கு ஐந்து சாம்பிள். நியூ ஜெர்சிக்கு வந்து ஆறு வருஷமாக இதுதான் பிழைப்பு. சாயங்காலம் கண்ணை மூடினால் இமைக்குள்ளேயும் மயிர் ஓடும்.

காங்கேயத்துப் பக்கம் பட்டி போட்டு ஆடு மேய்த்த அவன் அப்பா, மகனுக்கு அமெரிக்காவில் என்ன வேலை என்று போனில் விசாரித்துவிட்டு, "நல்லவேளைடா, அங்க போறதுக்கு முன்னாலயே உனக்குக் கல்யாணம் பண்ணிப்போட்டேன். ஆட்டு மயிர எண்ணறவன்னா எவன் பொண்ணு குடுப்பான்?" என்றார்.

எண்ணுவது சாதாரண மயிரல்ல. கேஷ்மீர். பெயர்தான் அப்படி, வருவதில் பெரும்பங்கு மங்கோலியாவிலிருந்தும் சீனாவிலிருந்தும். எலும்பை உடைக்கிற குளிருக்கு வெள்ளாட்டின் மேல்மயிருக்கு அடியில் பஞ்சு போல ஒரு உள்மயிர் வளரும். குளிர் விடுகிறபோது, வருஷத்துக்கு ஒரே தடவை, அதைச் சீப்பால் வாரி எடுப்பார்கள். ஓர் ஆட்டுக்கு இரண்டு கைப்பிடி தேறினால் அதிகம். ஒரு ஸ்வெட்டருக்கு மூன்று நான்கு ஆடு வேண்டும். அதனால்தான் அந்த விலை. அந்த விலை இருப்பதால்தான் செம்மறி மயிரைக் கலக்கிற புத்தியும் வருகிறது. ஸ்வெட்டரில் "நூற்றுக்கு நூறு கேஷ்மீர்" என்று துணிந்து எழுத ஒரு லேபின் கையெழுத்து வேண்டும். ரூட் 130 நெடுஞ்சாலை ஓரத்துக் கிடங்குகளுக்கு நடுவில் இருந்த இந்தச் சின்ன லேபில் அந்தக் கையெழுத்து கிட்டுசாமியுடையது.

இரண்டாயிரத்து ஒன்று, மார்ச் மாதம். வெளியே பழைய பனி கரி பிடித்துக் கிடந்தது. அன்றைய மூன்றாவது சாம்பிளை எண்ணி முடித்துவிட்டு அவன் மேனேஜர் அனந்தராமனின் அறைக் கதவைத் தட்டினான்.

"சார், அந்த ஸ்வெட்டர் கம்பெனியோட புது லாட்டு. முப்பத்தெட்டு பர்சென்ட் செம்மறிங்க."

அனந்தராமன் சென்னைக்காரர். அமெரிக்காவில் இருபது வருஷம் உழைத்து, முடி போய், முதுகு கூன் போட்டவர். மாத்திரையை விழுங்கிக்கொண்டே சிரித்தார்.

"ஏம்ப்பா கிட்டு, தமிழ்ல செம்மறியும் ஆடுதான், வெள்ளாடும் ஆடுதான். நம்ம பாஷையே ரெண்டையும் ஒண்ணா கூப்பிடுது. நீ எதுக்கு பிரிக்கிற?"

"மேய்க்கறவன் பிரிப்பானுங்க சார். ஒண்ணு குனிஞ்சு மேயும், ஒண்ணு எக்கி மேயும்."

"மேய்க்கறதுக்கா கம்பெனி உன்னை ஸ்பான்சர் பண்ணிருக்கு? இதோ பாரு, போன நாலு லாட்டுக்கும் நூறுன்னுதானே போட்ட? இப்ப மட்டும் என்ன புதுசா கண்ணு தெரியுது? நம்ம லேப்ல பாதி வேலை அவங்க குடுக்கறது. உன் கிரீன் கார்டுக்கு லேபர் டிபார்ட்மென்ட்ல அப்ரூவ் ஆயாச்சு, லாயர் அடுத்த பேப்பர் ரெடி பண்ணிட்டு இருக்கார். அதுல கம்பெனி சைன் பண்ணணும். கம்பெனின்னா நான்தான். நீ இதுல சைன் பண்ணு, நான் அதுல பண்றேன். சிம்பிள்."

கிட்டுசாமி கையெழுத்துப் போட்டான். முதல் தடவை, போன அக்டோபரில், பேனாவை எடுக்கக் கால்மணி நேரம் ஆனது. ஐந்தாவது தடவைக்குக் கால் நிமிஷம் போதுமாக இருந்தது. நடுவில் கிறிஸ்துமஸுக்கு அந்த ஸ்வெட்டர் கம்பெனியிலிருந்து சிவப்பு ரிப்பன் கட்டிய ஒரு பெட்டி வீட்டுக்கே வந்தது. உள்ளே சாம்பல் நிறத்தில் ஒரு சால்வை. கடையில் அதன் விலை அவனுடைய ஒரு மாத வீட்டு வாடகை. அதை அவன் விரலால் தடவிக்கூடப் பார்க்காமல் மனைவி சாந்தியிடம் கொடுத்துவிட்டான்.

மத்தியானம் அனந்தராமன் வெளியே போயிருந்த நேரத்தில், முன்னறையில் ஒரு பெண் வந்து காத்திருப்பதாகச் சொன்னார்கள். முப்பது வயதிருக்கும். காற்றும் குளிரும் அறைந்து சிவந்து காய்ந்த கன்னங்கள். பெரிய ஜாக்கெட், மடியில் ஒரு பிளாஸ்டிக் பை. பெயர் ஓயூன். மங்கோலியாவிலிருந்து வந்து, ஹோவெலில் ஐம்பது வருஷமாகக் குடியிருக்கும் மங்கோலிய இனத்துக் கல்மிக்காரர் வீடு ஒன்றில் தங்கியிருக்கிறாளாம். சனிக்கிழமை திரும்ப விமானம்.

இருவருக்கும் ஆங்கிலம் இரவல் மொழிதான். அதனால் பேச்சில் சுற்றுவழி இல்லை.

"இதை டெஸ்ட் பண்ணணும். பன்னெண்டு குடும்பத்தோட மயிர். போன வசந்தத்துல வாரினது. சாம்பிள்," என்றாள். பையைத் திறந்தாள். கிட்டுசாமி இரண்டு விரலை உள்ளே விட்டான். விரல் எதையோ தொட்ட மாதிரியே இல்லை. அவ்வளவு மென்மை.

"ரெண்டு வருஷமா எங்களுக்குக் குளிர்காலம் இல்லை, கொள்ளைதான். பனி உருகி மறுபடி உறைஞ்சு புல்லு மேல கண்ணாடி போட்ட மாதிரி ஆயிடும். ஆடு குளம்பால சுரண்டும், உடையாது. நின்ன இடத்துலயே நின்னபடி செத்துப்போகும். என் அண்ணன்கிட்ட முந்நூறு இருந்தது. இப்ப நாப்பத்தொண்ணு." அவள் அழவில்லை. விலாசம் சொல்கிற மாதிரி சொன்னாள். "எங்களுக்கு வயல் கிடையாது. கூடாரத்தைப் பிரிச்சுக்கிட்டுப் புல்லு இருக்கற இடத்துக்குப் போற ஜனம். வருஷம் பூரா திங்கற மாவு, பிள்ளைங்க படிக்கற ஹாஸ்டல், மருந்து, பூட்ஸ் எல்லாமே அந்த ஒரு சீப்பு வாரல்லதான். இன்னும் மூணு வாரத்துல சீப்பு எடுப்பாங்க. அதுக்குள்ள நல்ல விலைக்கு ஒருத்தர் வாங்கிக்கறேன்னு சொல்லணும். இல்லைன்னா அண்ணன் மிச்ச ஆட்டையும் வித்துட்டு நகரத்துல மூட்டை தூக்கப் போயிடுவான்."

"கம்பெனி எதையாவது பாத்தீங்களா?"

"பாத்தேன். பாதி விலைதான் குடுப்பாங்களாம். ஏன்னு கேட்டேன். 'இந்த விலைக்கே எங்களுக்கு நூறு பர்சென்ட் சுத்தமான சரக்கு வருது. இதோ லேப் ரிப்போர்ட்'னு இதைக் குடுத்தாங்க."

ஜாக்கெட் பையிலிருந்து நாலாக மடித்த ஒரு நகலை எடுத்து மேஜைமேல் விரித்தாள். அடியில் கே. கிட்டுசாமி என்று ஆங்கிலத்தில் பெயர், அதன்மேல் அவனுடைய தமிழ்க் கையெழுத்து. 'கி'யின் சுழியை அவன் எப்போதும் கொஞ்சம் நீட்டிப் போடுவான்.

"இந்த ஆள் இங்கதான் வேலை பண்றாராம். அவர்கிட்ட ஒண்ணே ஒண்ணு கேக்கணும். பாதி விலைக்கு மயிர் குடுக்கற அந்த ஆடு எந்த நாட்டுல இருக்கு? என்ன திங்குது? சொன்னார்னா நாங்களும் நாலு வாங்கி வளர்ப்போம்."

கிட்டுசாமியின் சட்டையில் குத்தியிருந்த அட்டையில் 'கிட்டு' என்று மட்டும்தான் இருந்தது. ஆனாலும் அதைக் கையால் மறைத்துக்கொண்டான். "அவர் இன்னைக்கு லீவு," என்றான். "வெள்ளிக்கிழமை வாங்க."

அவள் போன பிறகு அந்தச் சாம்பிளை எண்ணினான். இடது கை ஆயிரம் தடவை தட்டியது. வலது கை சும்மா கிடந்தது. ஆறு வருஷத்தில் வலது கை அப்படிச் சும்மா இருந்த நாட்களை எண்ண ஒரு கையின் விரல்களே போதும்.

ஈஸ்ட் பிரன்ஸ்விக் அபார்ட்மெண்டுக்குள் நுழைந்தபோது கொள்ளுப் பருப்பின் வாசனை அடித்தது. சாந்தி பிரிட்ஜ்வாட்டர் கோயிலுக்குக் கிளம்பத் தயாராகச் சால்வையைப் போர்த்திக்கொண்டிருந்தாள். ஆறு வயது மகள் வெண்பா அம்மாவின் தோளில் முகத்தைப் புதைத்தவள் வெடுக்கென்று எடுத்துக்கொண்டாள்.

"இட்ஸ் ஸோ இட்ச்சி! ஐ டோன்ட் லைக் திஸ் ஷால்."

"எனக்குந்தானுங்க கழுத்தெல்லாம் நமைக்குது," என்று சாந்தி காட்டினாள். காதுக்குக் கீழே தடிப்புத் தடிப்பாகச் சிவந்திருந்தது. "ஹீட்டர் காத்துக்கு தோலு வறண்டுபோச்சாட்டம் இருக்குதுன்னு தேங்கா எண்ணெ தடவிட்டு இருக்கறேன். கோயில்ல பாக்கற ராஜலக்ஷ்மி ஆன்ட்டி வேற, 'கேஷ்மீர்னா பட்டாட்டம் இருக்குமே'ங்கறாங்க. நமக்குத்தான் காஸ்ட்லி ஐட்டம் ஒத்துக்கல போல."

கிட்டுசாமி அப்போதுதான் அந்தச் சால்வையைத் தொட்டான். முனையைப் பிடித்து விரலிடுக்கில் ஒரு தடவை உருட்டினான். மத்தியானம் தொட்ட மயிர் இன்னும் விரல் நினைவில் இருந்தது. பிறகு அப்படியே சோபாவில் உட்கார்ந்துவிட்டான்.

"என்னாச்சுங்க?"

"உனக்கு ஒத்துக்காம இல்ல சாந்தி. இதுல பாதி செம்மறி. லேபிள்ல நூறுன்னு இருக்குது பாரு, அது நான் போட்ட நூறு." நடந்தது எல்லாவற்றையும் சொன்னான். கிரீன் கார்டு, ஐந்து கையெழுத்து, அந்த மங்கோலியப் பெண்.

சாந்தி வெண்பாவை டிவி முன்னால் உட்கார வைத்துவிட்டு வந்தாள்.

"அப்ப இது கிறிஸ்துமஸ் கிப்ட்டு இல்லீங்களா?"

"இல்ல."

"லஞ்சம்."

"ம்."

"லஞ்சத்துலயும் கலப்படமுங்களா!" என்று சிரித்தாள். சிரிப்பு பாதியிலேயே நின்றுவிட்டது. "நீங்க காலேஜுல சேர்றப்ப ஸ்காலர்ஷிப்புக்கு வருமானச் சர்டிபிகேட்டு வேணும்னு போயி, மாமா ஒரு வெள்ளாட்டுக் கெடாய ஓட்டிட்டுப் போயி அந்த ஆபீசர் வீட்டுல கட்டிப்போட்டு வந்தாருன்னு சொல்லுவீங்களே. 'அவன் சோத்துல மண்ணு விழ'ன்னு இன்னைக்கும் வையறீங்க. அந்தாளாச்சும் தேவலைங்க. அவனுக்கு நெசமான வெள்ளாடு கெடச்சுது."

அந்தக் கிடாயைப் பிரிந்து அப்பா மூன்று நாள் பட்டிப் பக்கம் போகாமல் இருந்தது கிட்டுசாமிக்குத் தெரியும்.

"பேப்பரு நின்னுபோனா என்ன பண்றதுங்க?" என்றாள்.

"வேற எடம் தேடோணும். இப்ப எல்லா எடத்துலயும் ஆளத்தான் வெளிய அனுப்பறாங்க. கெடைக்கலீன்னா மூட்டையக் கட்டோணும்."

"எனக்குப் பயமாத்தானுங்க இருக்குது. அதுக்குன்னு இத மறுபடியும் கழுத்துல போட முடியாது." சால்வையை மடித்துப் பழைய பெட்டியிலேயே வைத்தாள். அன்று கோயிலுக்குப் போகவில்லை.

மறுநாள் காலையில் சால்வையிலிருந்து ஒரு இழை எடுத்து ஆயிரம் மயிரை எண்ணினான். இடது கையில் ஐந்நூற்றுத் தொண்ணூறு, வலது கையில் நானூற்றுப் பத்து. அதை எழுதிக்கொண்டு, கூடவே ஐந்து லாட்டுகளின் உண்மைக் கணக்கையும் நோட்டிலிருந்து எடுத்துப் புதிய ரிப்போர்ட்டுகளாக டைப் செய்து, கையெழுத்துப் போட்டு, அனந்தராமனின் மேஜைமேல் பெட்டியோடு வைத்தான்.

அவர் ஒவ்வொன்றாகப் படித்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

"நீ அரிச்சந்திரன்னு நிரூபிக்க என் லேபுதான் கெடச்சுதா? என் பையன் ரட்கர்ஸ்ல ரெண்டாவது வருஷம் படிக்கிறான்ப்பா."

"தெரியுமுங்க சார்."

"இந்த ரிப்போர்ட் வெளிய போனா அந்த கம்பெனி நம்மள விட்டுப் போயிடும். நான் உன்னோட பேப்பர்ல சைன் பண்ண மாட்டேன்."

"அதும் தெரியுமுங்க."

"அப்புறம் எதுக்குடா?"

"சார், அவங்க குடுத்த சால்வைக்கு எம்பொண்டாட்டி கழுத்து வெந்துபோச்சு. அது சின்ன விசயமுங்க, எண்ணெ தடவுனாப் போயிரும். ஆனா செம்மறிய நூறுன்னு எழுதி எழுதி, நெசமா நூறு வெச்சிருக்கறவன நடுத்தெருவுல நிறுத்திப்போட்டோம். உங்க தமிழுக்கு ரெண்டும் ஆடாவே இருக்கட்டுங்க. எனக்கு அது முடியலீங்க."

அனந்தராமன் அந்தக் காகிதங்களைக் கிழிக்கவில்லை. அனுப்புகிறேன் என்றும் சொல்லவில்லை. டிராயரில் போட்டு மூடினார். "லாயருக்கு போன் பண்ணி நிறுத்தச் சொல்றேன்," என்று மட்டும் சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை ஓயூன் வந்தாள். கிட்டுசாமி அவளுடைய ரிப்போர்ட்டைக் கொடுத்தான். நூற்றுக்கு நூறு. அவள் அடியில் இருந்த கையெழுத்தைப் பார்த்தாள், பிறகு அவன் முகத்தை, பிறகு மறுபடியும் கையெழுத்தை. 'கி'யின் சுழி நீண்டிருந்தது.

"நான்தான் கிட்டுசாமி," என்றான். "அன்னைக்குப் பொய் சொன்னேன். நீங்க கேட்ட ஆடு எந்த நாட்டுலயும் இல்லைங்க. அது என் கையெழுத்துல மட்டும்தான் இருந்துச்சு."

அவள் அவனை அடிப்பாள் என்றோ, காறித் துப்புவாள் என்றோ அவன் நினைத்திருந்தான். அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அவளுக்கு அலுத்திருந்தது.

"வருத்தம் எனக்கு வேண்டாம். விமானத்துல அதை எடுத்துட்டுப் போக முடியாது," என்றாள். "இப்ப சொன்னதை எழுதிக் குடுங்க."

எழுதினான். எந்த லாட்டு, எத்தனை பங்கு செம்மறி, என்ன வாங்கிக்கொண்டு பொய் எழுதினேன் என்பது வரை விட்டுவைக்காமல் எழுதினான். அவள் அதை வாசித்து, அந்த நகலோடு சேர்த்து மடித்து ஜாக்கெட்டின் உள்பையில் வைத்தாள். அன்று சாயங்காலத்துக்குள் இன்னும் இரண்டு கம்பெனிகளைப் பார்க்க வேண்டும் என்றாள். கிடைக்குமா என்று அவனும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை.

கதவருகே நின்று கேட்டாள்: "உங்க வேலை?"

"போகும்போல."

"சின்னதா ஒரு கையெழுத்துதானேன்னு போட்டீங்களா?"

"ஆமாங்க," என்றான் கிட்டுசாமி. "லஞ்சம் வாங்கிட்டுப் போடற கையெழுத்து பேப்பரோட நின்னுபோயிரும்னு நெனச்சுட்டேன். அது நிக்கறதில்லீங்க. கடலைத் தாண்டிப் போயி, மொகந்தெரியாத ஒருத்தன் பட்டியத் தொறந்து, அவன் ஆட்ட ஓட்டிட்டுப் போயிருது."