துவைத்து அடுக்கிய துணி

வெள்ளத் தண்ணீருக்காவது கொஞ்சம் மரியாதை தெரியும். வந்தது, கிடந்தது, வடிந்தது. அது விட்டுப்போன சேறு இருக்கிறதே, அதற்குச் சூடு சொரணை கிடையாது. கீழ்வீட்டுத் தரையில் கணுக்கால் புதையக் கிடந்தது. அலமாரிக் கீலுக்குள், தாழ்ப்பாள் இறங்கும் ஓட்டைக்குள், சுவிட்சுப் பெட்டிக்குள், குளியலறைக் குழாயின் வாய்க்குள் என்று ஆள் விரல் நுழையாத இடமாகப் பார்த்துப் பார்த்துக் குடியேறியிருந்தது. கேட்டால் எழுந்து போகிற குடித்தனமா அது?

மாடியம்மா அதைத்தான் வாரிக்கொண்டிருந்தாள். மாடியம்மா என்பது தெரு வைத்த பேர். கீழ்வீட்டை வாடகைக்கு விட்டுவிட்டு மாடியில் இருப்பவள். யார் வந்து எதைக் கேட்டாலும் கைப்பிடிச் சுவரில் சாய்ந்தபடியே பதில் சொல்பவள். அப்பேர்ப்பட்டவள் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, குனிந்த இடுப்பு நிமிராமல் மண்வெட்டியும் கையுமாக நிற்பதைப் பார்த்துவிட்டு, தெருவில் போனவர்கள் ஒரு நிமிஷம் நின்றுதான் போனார்கள்.

கீழே குடியிருந்தவர் டெய்லர். பள்ளிக்கூடச் சீருடை தைப்பவர். முன்னறையில் மெஷின், பின்னறையில் குடித்தனம். காஜா எடுப்பதும் பட்டன் வைப்பதும் அவர் மனைவியின் வேலை. அதனால் மாடியம்மா அவளைப் ‘பட்டன்’ என்றே கூப்பிடுவாள். அவளும் ‘என்னக்கா’ என்று சிரித்துக்கொண்டே வருவாள். கூடப் பிறந்தவர்கள் என்று யாரும் இல்லாத மாடியம்மாவுக்கு, அந்த ஒரு ‘அக்கா’தான் சொந்தம். ஒன்பது வருஷமாக அப்படித்தான்.

“அவங்க வீட்டை நீ எதுக்குடி வாரிக்கிட்டு இருக்க?” என்று படியில் உட்கார்ந்தபடி கேட்டார் அவள் வீட்டுக்காரர். பஸ் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவர். முழங்கால் வலி என்று சொல்லி, வேலையைத் தவிர மற்ற எல்லாவற்றிலும் கலந்துகொள்வார்.

“சும்மா இருங்க.”

“சும்மாத்தானே இருக்கேன்.”

அவருக்கும் தெரியும், ஏன் வாருகிறாள் என்று. தெரிந்துகொண்டுதான் கேட்டார்.

தண்ணீர் வருவதற்கு முந்தின மாலை, பட்டன் பாதிப் படி ஏறி வந்து நின்றாள்.

“அக்கா, துணிக்கட்டை மட்டும் உங்க கூடத்துல கொண்டாந்து வச்சுக்கட்டுமா? ஏரி ரொம்பிடுச்சுன்னு சொல்றாங்க.”

“இப்பத்தான்டி பெயின்ட் அடிச்சிருக்கு, கை வச்சா ஒட்டும். நம்ம தெருவுக்கு எந்தக் காலத்துல தண்ணி வந்திருக்கு? காலையில பாத்துக்கலாம், போ.”

“சரிக்கா” என்று இறங்கிப் போய்விட்டாள். அவள் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசியிருந்தாலாவது மனசு கொஞ்சம் ஆறியிருக்கும்.

பெயின்ட் காய்ந்து ஒரு வாரம் ஆகியிருந்தது. வெண்ணெய் நிறத்தில் ஆசை ஆசையாக அடித்த சுவர். அதில் மூட்டையைச் சாய்த்து யாராவது அழுக்காக்கிவிடுவார்களோ என்று நினைத்தாள். அவ்வளவுதான் காரணம். சொல்லவே நா கூசுகிற காரணம்.

விடிவதற்குள் தண்ணீர் வந்துவிட்டது. டெய்லரும் பட்டனும் இடுப்பு நனைய மேலே ஓடிவந்தார்கள். மெஷினின் தலையைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு வந்தார் அவர். துணிக்கட்டுகளை வெட்டு மேஜை மேல் ஏற்றி வைத்திருந்தார்கள். மேஜையே மிதந்து கவிழும் என்று யார் கண்டது? பகல் முழுக்க அந்தக் கூடத்தில், கொஞ்சமும் ஒட்டாத அந்தப் புதுச் சுவரில் முதுகு படாமல், இரண்டு பேரும் நடுத்தரையில் உட்கார்ந்திருந்தார்கள். டீ கொடுத்தால் குடித்தார்கள். படகு வந்ததும் பட்டனுடைய அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டார்கள்.

அன்றிலிருந்து மாடியம்மாவுக்குச் சோறு இறங்கவில்லை. அவளுக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான். அவர்கள் திரும்பி வரவேண்டும். பட்டன் பழையபடி படியேறி வந்து ‘என்னக்கா’ என்று நிற்க வேண்டும். மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை. கை வந்தது. அதனால் மண்வெட்டியை எடுத்தாள்.

போனில் டெய்லரிடம் பேசத்தான் செய்தாள். “அக்கா, நீங்க எதையும் தொடாதீங்க. அப்படியே கிடக்கட்டும். ரோடு சரியானதும் நான் வந்து பாத்துக்கறேன்” என்றார் அவர். இதை எப்படி எடுத்துக்கொள்வது? நம் ஆட்களில் யார் முதல் தடவை சொன்ன ‘வேண்டாம்’ என்பதை வேண்டாம் என்றே எடுத்துக்கொண்டிருக்கிறார்கள்? அவளும் எடுத்துக்கொள்ளவில்லை.

“தொடாதீங்கன்னு சொன்னாரே மனுஷன்” என்றார் வீட்டுக்காரர்.

“மரியாதைக்குச் சொல்றதுதான். சாப்பாடு போதும்னு சொல்றாங்க, அதுக்காகத் தட்டை எடுத்துருவோமா?”

“நான் பஸ் ஓட்டினவன். நிறுத்துன்னா நிறுத்திடணும். மரியாதைக்குச் சொன்னாங்களா, மனசாரச் சொன்னாங்களான்னு யோசிச்சா அடுத்த ஸ்டாப்பு வந்துடும்.”

“முழங்காலுக்குத் தைலம் தேச்சுக்கிட்டு மேல போய்ப் படுங்க.”

சேறு வாருவது ஒரு வித்தை. ஈரமாக இருக்கும்போதே தள்ளிவிட வேண்டும். காய்ந்தால் செங்கல்தான், உளிதான். அதிகமாகத் தண்ணீர் விட்டாலும் போச்சு, மெழுகிய மாதிரி பரவி இன்னும் நாலு மூலைக்குப் போகும். முதல் நாள் அவளுக்கு இதெல்லாம் தெரியவில்லை. வாளி வாளியாக ஊற்றி, வாசலுக்குத் தள்ளியதெல்லாம் சாக்கடையை அடைத்துக்கொண்டு திரும்ப உள்ளே வந்தது. மறுநாள் பழைய பலகையால் வழித்து, தகரத்தில் அள்ளி, கூடையில் சுமந்து தெருமுனையில் கொட்டினாள். கொட்டிவிட்டு வந்து பார்த்தால் அள்ளின இடமே தெரியாது. உள்ளங்கை கொப்புளித்தது. பிளீச்சிங் பவுடர் நெடியில் கண் எரிந்தது. கண் எரிந்ததில் ஒரு வசதியும் இருந்தது. அழுகிறாளா என்று யாரும் கேட்கவில்லை.

தரை தெரிந்த பிறகுதான் துணிக்கட்டுகளின் பக்கம் வந்தாள்.

கவிழ்ந்த மேஜைக்கு அடியில் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடந்தன. எல்லாம் வெட்டி வைத்த துணி, இன்னும் தைக்காதவை. ஒரு பிள்ளைக்கு ஒரு கட்டு: சட்டைக்கு முன்பக்கம், முதுகு, இரண்டு கை, காலர், அதோடு நீலத்தில் கால்சட்டைக்கோ பாவாடைக்கோ துணி. எல்லாவற்றையும் சேர்த்துச் சுருட்டி, துணி நாடாவால் இறுக்கிக் கட்டுவது டெய்லரின் வழக்கம். உள்ளே செருகியிருந்த அளவுச் சீட்டுகள் கூழாகிவிட்டன. வெளிச்சுற்றில்தான் சேறு. ஒரு கட்டை எடுத்து விரலால் விலக்கிப் பார்த்தாள்; உள்ளே துணி வெள்ளையாகவே இருந்தது.

பார்த்ததும் அவளுக்கு உயிர் வந்தது. அழிந்தது என்று நினைத்தது அழியவில்லை. இதைக் காப்பாற்றிக் கொடுத்துவிட்டால் போதும், அந்தச் சாயங்காலத்தை ஈடுகட்டிவிடலாம்.

கட்டோடு அலசினால் நடுவில் மண் நிற்கும் என்று, கத்தரியை எடுத்து நாடாக்களை ஒன்று விடாமல் வெட்டினாள். பெரிய தொட்டியில் எல்லாவற்றையும் ஒன்றாக ஊறப்போட்டாள். சோப்பு போட்டு, பிரஷ் போட்டுத் தேய்த்து, கும்மி, அடித்து, தண்ணீர் தெளிகிற வரைக்கும் அலசினாள். மொட்டை மாடி முழுக்க வெள்ளையும் நீலமுமாகக் கொடி கட்டிக் காயப்போட்டாள். வெள்ளம் வந்த பிறகு அன்றைக்குத்தான் முதல் தடவையாகப் பசித்தது.

சும்மா மடித்து வைத்தாளா என்றால், அதுதான் இல்லை. இஸ்திரி போட்டாள். முதுகையெல்லாம் ஒரு அடுக்கு, கையெல்லாம் ஒரு அடுக்கு, காலரெல்லாம் ஒரு அடுக்கு என்று வகை பிரித்து, தன் கூடத்தில், அந்த வெண்ணெய் நிறச் சுவரோரம் வரிசையாக அடுக்கி வைத்தாள். கடைக்காரன் கூட இத்தனை அழகாக அடுக்க மாட்டான். வீட்டுக்காரரைக் கூப்பிட்டுக் காட்டினாள்.

“நல்லாத்தான் இருக்கு” என்றார் அவர். பிறகு அடுக்குகளையும் அவள் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, முழங்காலைத் தடவிக்கொண்டே படிக்குப் போனார்.

டெய்லரும் பட்டனும் ஒரு சின்ன வேனில் வந்து இறங்கினார்கள். வேன் எதற்கு என்று கேட்க அவளுக்குப் பயமாக இருந்தது.

டெய்லர் வாசலில் நின்று தரையைப் பார்த்தார். “நாங்க இருந்தப்பகூட இவ்வளவு சுத்தமா இருந்ததில்லக்கா” என்றார். மனசாரச் சொன்னார். அவள் கொப்புளித்த கையைப் பின்னால் மறைத்துக்கொண்டாள். பட்டன் சுவரில் தண்ணீர் நின்ற கோட்டைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

“கட்டெல்லாம் எங்கக்கா?”

“மேல வாங்க, காட்டுறேன்” என்று முன்னால் ஏறினாள். பரிசு வாங்கின பிள்ளை மாதிரி ஓடினாள் என்றுகூடச் சொல்லலாம்.

கூடத்துக்குள் வந்த டெய்லரின் முகத்தில் ஈயாடவில்லை. மெதுவாகக் குனிந்து, கை அடுக்கிலிருந்து ஒரு துணியை எடுத்தார். இன்னொன்றை எடுத்தார். இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்துப் பார்த்தார். கீழே வைத்தார்.

“எல்லாத்தையும் பிரிச்சுட்டீங்களாக்கா?”

“பிரிக்காம எப்படி? உள்ள ஒரு துளி மண்ணு இருக்கா பாருங்க.”

“மண்ணு இருந்தா பரவால்லக்கா.” அவர் தரையில் உட்கார்ந்துகொண்டார். “சீட்டு போனாலும் பரவால்ல. கட்டு இருந்தா போதும். பிரிச்சு அளந்து பாத்தா எந்தப் பிள்ளையோடதுன்னு சொல்லிடுவேன். எல்லாம் ஒரே துணிக்கா. ஒரே வெள்ளை, ஒரே நீலம். இதுல எந்தக் கை எந்த முதுகுக்குன்னு நான் எங்க போய்த் தேடுவேன்?”

“துணி மேல சாக்பீஸ்ல ஏதோ கோடு போட்டிருந்தீங்களே...” என்று ஆரம்பித்தாள். அந்தக் கோடுகளைக் கறை என்று நினைத்துத் தேய்த்துத் தேய்த்துப் போக்கியவளே அவள்தானே.

டெய்லர் விடவில்லை. கையை முதுகோடு சேர்த்து, காலரைக் கழுத்து வளைவில் வைத்து, மதியம் வரைக்கும் தேடினார். அவளும் எதிரில் உட்கார்ந்து எடுத்துக் கொடுத்தாள். சில சேர்ந்தன. சேர்ந்ததையும் அவர் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து ஒதுக்கி வைத்தார். தைக்காத ஓரம் பிரஷ் பட்டு நூல் நூலாகப் பிரிந்திருந்தது. தையலுக்கு விட்ட இடமே இல்லை. அதைத் தைத்தால் எந்தப் பிள்ளைக்கும் பத்தாது.

“என்னைத் திட்டிடுங்க” என்றாள் மாடியம்மா.

“எதுக்குக்கா? நல்லதுக்குத்தானே செஞ்சீங்க.”

நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு வார்த்தை கேட்டிருந்தால்கூடத் தாங்கியிருப்பாள். இந்த ‘நல்லதுக்குத்தானே’ என்பதை எங்கே கொண்டுபோய் வைப்பது? பட்டனைத் தேடித் திரும்பினாள். அவள் கூடத்துக்குள்ளேயே வரவில்லை. கீழே பாத்திரங்களை வேனில் ஏற்றிக்கொண்டிருக்கிற சத்தம் கேட்டது.

இறங்கி ஓடினாள். “பட்டனு, நானே வெள்ளையடிச்சுத் தர்றேன்டி. புது மேஜை செஞ்சு போடறேன். எல்லாப் பிள்ளைக்கும் நானே துணி எடுத்துத் தர்றேன். இருங்கடி.”

பட்டன் ஒரு குடத்தைத் துடைத்து உள்ளே வைத்தாள். டெய்லர்தான் பின்னால் வந்து, “எங்க மச்சான் வீட்டுப் பக்கமா ஒரு இடம் பாத்திருக்குக்கா. பேசி முடிச்சாச்சு” என்றார்.

அந்த நேரம் பார்த்து, ஒரு அம்மாள் தன் மகளைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தாள். பள்ளிக்கூடம் திறக்கப் போகிறார்களாம். துணி தைத்தாயிற்றா என்று கேட்டாள்.

“வெள்ளத்துல போச்சும்மா” என்றார் டெய்லர். “மன்னிச்சுக்குங்க.”

“அடக் கடவுளே. மேல தூக்கி வைக்க நேரமில்லையா?”

“இல்லம்மா. திடீர்னு வந்துடுச்சு.”

அந்த அம்மாள் உச்சுக்கொட்டினாள். மாடியம்மாவைப் பார்த்து, “நீங்களாவது துணையா இருக்கீங்களே இவங்களுக்கு” என்றாள்.

மாடியம்மாவால் அதற்கு மேல் பொறுக்க முடியவில்லை.

“தண்ணி ஒண்ணும் பண்ணலம்மா. மேல வைக்கட்டுமான்னு கேட்டாங்க. நான்தான் வேண்டாம்னேன். பெயின்ட் காயலைன்னு பொய் சொன்னேன். அப்பவும் துணி நல்லாத்தான் இருந்துச்சு. மிச்சம் இருந்ததையும் நானே பிரிச்சுக் கெடுத்தேன். உங்க பொண்ணு சட்டை என்னாலதான் போச்சு.”

அந்த அம்மாள் ஒன்றும் புரியாமல் டெய்லரைப் பார்த்தாள். டெய்லர் வேனின் கயிற்றை இழுத்துக் கட்டினார். அன்று முழுவதும் வாய் திறக்காத பட்டன், அப்போதுதான் திரும்பினாள்.

“வீட்டுக்காரம்மா நாலு நாளா ஓயாம சேறு வாரினதுல அசந்து போயிருக்காங்க. ஏதோ பேசறாங்க. நீங்க மனசுல வச்சுக்காதீங்க” என்று அந்த அம்மாளிடம் சொன்னாள். மரியாதையாகத்தான் சொன்னாள். சொல்லிவிட்டு வேனில் ஏறி உட்கார்ந்தாள்.

வேன் தெருமுனையில் கொட்டிக் கிடந்த சேற்றுக் குவியலைச் சுற்றிக்கொண்டு போனது. மாடியம்மா வாசலிலேயே நின்றாள். அக்கா என்று ஒரு வார்த்தை கூப்பிட்டுவிட்டு, எவ்வளவு வேண்டுமானாலும் திட்டியிருக்கலாம் அவள்.