பாய்லர் அறையின் ஒரு நிமிஷம்

நெல்லித்தோப்பில் விடியுமுன்பே சலவைக்கூடம் கொதிக்கத் தொடங்கிவிடும். கடற்கரை ஓட்டல்களின் படுக்கை விரிப்புகள் மூட்டை மூட்டையாய் வந்திறங்க, சலவைக்காரத்தில் ஊறி நகம் வெளுத்த கைகள் அவற்றை அலசித் தள்ளும். இங்கே இஸ்திரி போட்டுத்தான் கனீஸ் பாத்திமா தன் மகள் இஃப்ஃபத்தைப் படிக்க வைத்தாள். அந்த மகள் கேமராவும் கையுமாய்த் திரும்பிவந்து, மூன்று மாதமாக இங்கே வேலை செய்பவர்களைப் படமெடுத்துக்கொண்டிருந்தாள்.

ஆவணப்படக்காரர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. எடுத்து முடித்ததும் எல்லாரையும் ஒரு நிமிஷம் பேசாமல் நிற்கச் சொல்லி, அந்த இடத்தின் ஓசையை மட்டும் பதிவு செய்வார்கள். அந்தச் செவ்வாய்க்கிழமையும் இஃப்ஃபத் அப்படி நிற்க வைத்தாள். ஹெட்போனில் பாய்லரின் மெல்லிய சீறல் கேட்டது. அடடா, என்ன அருமையான ஓசை என்று மகிழ்ந்துபோனாள், பாவி!

நிமிஷம் முடியுமுன் முதலாளி செம்மல் உள்ளே வந்தார்.

"என்னய்யா, பொம்மையாட்டம் நிக்கிறீங்க?"

"வால்வு கசியுதுங்க. நேத்தே சொன்னேன்," என்றான் பாய்லர் பார்க்கும் கொளஞ்சி.

"கசிஞ்சா கசியட்டும். பத்து மணிக்கு சரக்கு போவணும். சூட்ட ஏத்து."

ஏற்றினான். இஃப்ஃபத் தெருமுனையைத் தாண்டுவதற்குள் பாய்லர் வெடித்துவிட்டது. கொளஞ்சி கோரிமேட்டு ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் உயிரைப் பிடித்துக்கொண்டு கிடந்தான். மூன்றாம் நாள் போய்விட்டான்.

'குடித்துவிட்டு வந்து வால்வைத் தப்பாகத் திருப்பினான்' என்று செம்மல் போலீசில் எழுதிக் கொடுத்தார். கூடத்தில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. வயிறு என்று ஒன்று இருக்கிறதே!

இஃப்ஃபத் கொளஞ்சியின் மனைவி அமுதவல்லியிடம் போய் உட்கார்ந்தாள்.

"அண்ணன் சொன்னதும் மொதலாளி சொன்னதும் எங்கிட்ட பதிவாயிருக்குக்கா. ஆனா அந்த சீறல நான் மொதல்லயே கேட்டேன். படத்துக்கு நல்லாருக்கேன்னு சும்மா இருந்துட்டேன்."

அமுதவல்லி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். பிறகு சொன்னாள்:

"உனக்கு அது என்னான்னு தெரியாது. அந்த மொதலாளிக்குத் தெரியும். என் புள்ளைங்களுக்கு அப்பன் குடிகாரன்னு பேரு வேணாம். எல்லாருக்கும் கேக்கற மாதிரி போடு."

மறுநாள் விடியலில் கனீஸ் பாத்திமாதான் ஸ்பீக்கரைத் தூக்கி வந்து கேட்டருகே வைத்தாள். வேலைக்கு வந்தவர்கள் நின்றார்கள். முதலில் சீறல் மட்டும் கேட்டது. அந்த நிமிஷத்தில் அவர்கள் எல்லாருமே அங்கே இருந்தவர்கள்தாம். கொளஞ்சியின் குரல் வந்ததும் அமுதவல்லி வாயில் முந்தானையைத் திணித்துக்கொண்டு அழுதாள்.

செம்மல் ஓடிவந்தார். "நிறுத்துங்க அத! இப்ப உள்ள வராதவங்க நாளைக்கி வரவே வேணாம்."

இருபது வருஷத்தில் அவரை எதிர்த்து ஒரு சொல் பேசாத கனீஸ் பாத்திமா, கேட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"குடிச்சிருந்தான்னு எழுதிக் குடுத்தீங்களே, அத மொதல்ல மாத்துங்க. அப்பறம் வர்றோம்."

யாரும் நகரவில்லை. அவள் மகளிடம் திரும்பினாள்.

"மொதல்லேர்ந்து போடும்மா."