முதல் பாடம் விழுவது

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் என்று என் புருஷனே எல்லோரிடமும் சொல்லியிருக்கிறார். அதனால் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே கதை சொல்லும் வேலையெல்லாம் என்னிடம் கிடையாது.

நாங்கள் இரண்டு பேரும் ஜூடோ கற்றவர்கள். சிரிக்க வேண்டாம். நான் தையல்காரி, அவர் லிஃப்ட் மெக்கானிக். எனக்கு முதுகுவலி, அவருக்குச் சர்க்கரை. நாற்பத்தெட்டு வயதில் நான் முதலில் சேர்ந்தேன். இரண்டு வருஷம் கழித்து அவரையும் தரதரவென்று இழுத்துப் போனேன்.

ஜூடோ பாடத்திட்டத்தின் முதல் பக்கத்தில் எதிராளியே இல்லை. விழுவதுதான் பாடம். பின்னால் விழு, பக்கவாட்டில் விழு, உருண்டு விழு. தலை தரையில் படக் கூடாது, மோவாய் நெஞ்சோடு ஒட்ட வேண்டும், உடம்பு கீழே படும் அதே நொடியில் உள்ளங்கையால் தரையை ஓங்கி அறைய வேண்டும். அதில் தேறினால்தான் அடுத்த பக்கம், அடுத்த பெல்ட்.

மனுஷன் அதில் இரண்டு தடவை ஃபெயில். சிமெண்ட் மூட்டை மாதிரி தொம்மென்று விழுவார். மாஸ்டர் சிரித்துக்கொள்வார், எனக்கு மானம் போகும். தினமும் காலையில் முன்னறையில் மெத்தையைப் போட்டு முப்பது தடவை விழ வைத்தேன். தேறிய பிறகும் விடவில்லை. பின்னறையில் தைத்துக்கொண்டே சத்தத்தை வைத்துத் தப்புக் கண்டுபிடிப்பேன்.

"கை லேட்டு!" என்று கத்துவேன்.

"உன் காதுக்கு ஒரு பூட்டு வாங்கணும்டி!" என்று அங்கிருந்து பதில் வரும்.

அன்று காலை ஆறரைக்குப் பளாரென்று ஒரு சத்தம். கை மிகச் சரியான நொடியில் விழுந்திருந்தது. அடுத்த சத்தம் வரவில்லை. இன்றைக்கு ஒன்றோடு ஏமாற்றுகிறார் என்று நினைத்து, ஒரு சட்டைக்குக் காலர் வைத்து முடித்தேன். ஏழு மணிக்குப் போய்ப் பார்த்தால், மெத்தை சுவரோரம் சுருட்டியபடியே இருந்தது. அவர் குளியலறைப் பக்கம் வெறும் தரையில் கிடந்தார்.

மூளையில் ரத்தக்குழாய் வெடித்துவிட்டதாம். மண்டையில் ஒரு கீறல்கூட இல்லையே என்று டாக்டருக்கு ஆச்சரியம். "அரை மணி முன்னாடி கொண்டுவந்திருந்தா ஏதாவது பண்ணியிருக்கலாம்மா" என்றார். மூன்றாம் நாள் எல்லாம் முடிந்தது. நாலு வருஷம் பழகிய உடம்பு, நினைவு தப்பும்போதும் பாடத்தை மறக்கவில்லை. பழைய மூட்டையாகவே விழுந்திருந்தால் நான் அலறிக்கொண்டு ஓடியிருப்பேன்.

இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. "மெஷின் சத்தத்துல ஒண்ணுமே கேக்கலடி" என்று மகளிடம் வாய் கூசாமல் பொய் சொன்னேன். வேறு ஊரில் வேலை பார்ப்பவள், ஒரே பெண், அப்பா செல்லம். எனக்கும் அவளுக்கும் எப்போதும் ஏழாம் பொருத்தம். உண்மை தெரிந்தால் அவளும் என்னை விட்டுப் போய்விடுவாள் என்று பயந்தேன்.

சாவுக்கு வந்து வீட்டிலேயே தங்கிவிட்ட அவளோ தன்னையே கரித்துக்கொட்டிக்கொண்டிருந்தாள். அன்று ஆறே முக்காலுக்கு அப்பாவுக்குப் போன் செய்திருக்கிறாள். சத்தத்தை அணைத்து வைத்திருந்த போன் அவர் பையில் கிடந்தது. குளிக்கிறார் போல என்று இவளும் விட்டுவிட்டாள்.

"உனக்கு ஒரு போன் போட்டிருந்தா பொழச்சிருப்பாரும்மா. நான்தான் கொன்னுட்டேன்."

முதல் வாரம் சொன்னபோது "சும்மா இருடி" என்றேன். இரண்டாம் வாரமும் அதையே சொல்லி ஒப்பேற்றினேன். சண்டாளி நான். மூன்றாம் வாரம் ஒரு மத்தியானம், வேலையை விட்டுவிட்டதாகச் சொன்னாள். கன்னம் ஒட்டி, கண் உள்ளே போயிருந்தது. தட்டில் போட்ட சாப்பாடு காய்ந்து கிடந்தது.

"எனக்கெல்லாம் எதுக்கும்மா சோறு?" என்றாள்.



"நீ இல்லடி. அப்பா விழுந்தது எனக்குக் கேட்டுச்சு."

நிமிர்ந்து பார்த்தாள். சட்டைக் காலர் வரைக்கும் எல்லாவற்றையும் சொன்னேன்.

"கேட்டதும் நீ என்ன பண்ணின?"

"பாராட்டினேன்."

"என்னது?"

"நாலு வருஷத்துல ஒரு நாள்கூட நல்லாருக்குன்னு சொன்னதில்லடி. வெறும் தரைல அடிச்சதாலதான் அவ்வளவு கணீர்னு கேட்டுருக்கு, இந்த மரமண்டைக்கு உறைக்கல. 'சபாஷ், இன்னைக்குத்தான் ஒழுங்கா விழுந்திருக்கீங்க'ன்னு இங்கேருந்தே கத்தினேன்."



"அப்பாவுக்குக் கேட்டிருக்குமா?"

இன்னொரு பொய் வாய் வரைக்கும் வந்தது. விழுங்கிவிட்டேன். "நான் போனப்ப கண்ணு தொறந்துதான் இருந்துச்சு."

"அப்ப கேட்டிருக்கும். அடுத்து நீ எந்திரிச்சு வருவேன்னு கதவையே பாத்துக்கிட்டுக் கெடந்திருப்பாரு."

"ஆமாடி" என்றேன்.

என் முகத்தைப் பார்க்காமல் தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். காய்ந்துபோன அந்தச் சாப்பாட்டை ஒரு பருக்கை விடாமல் சாப்பிட்டாள். கை கழுவிவிட்டு வந்து பெட்டியை எடுத்துத் துணிகளை அடுக்க ஆரம்பித்தாள். நான் போகாதே என்று சொல்லவில்லை.