இரவல் மூக்கு

மேடை ஓரத்து முக்காலியில் ஒரு பிரபு வந்து உட்கார்ந்ததைத் திரை இடுக்கில் பார்த்த நடிகன் ஹம்ஃப்ரி, தலையை வெடுக்கென்று உள்ளே இழுத்துக்கொண்டான். பிரபுவின் முகத்தில் இருந்தது வெள்ளியில் செய்த மூக்கு.

அடுத்தது வசைப் போட்டிக் காட்சி. லண்டன்காரர்கள் தேம்ஸ் நதியைத் தாண்டி இந்த நாடக அரங்குக்கு வருவதே அதற்காகத்தான். ஹம்ஃப்ரியின் கடைசி வசை, எதிரே நடிக்கும் ஜெரோமின் பருத்த மூக்கைப் பற்றியது.

போன வருடம் அண்ணன் கைல்ஸ், அரண்மனை ஆள் ஒருவரின் நடையை மேடையில் ஒரே வரியில் கேலி செய்தான். காதை அறுக்கத் தீர்ப்பானது. அதற்குள் சிறைக் காய்ச்சல் அவனை முழுசாகவே கொண்டுபோய்விட்டது.

வசையை விழுங்கிவிடலாம் என்றால் அதிலும் சிக்கல். நடிகர்களுக்கு முழு நாடகம் தருவதில்லை. அவரவர் பேச்சும், எதிராளி முடிக்கும் சொல்லும் மட்டுமே. “இரவல் மூக்கா!” என்று வசை முடிவது காதில் விழுந்தால்தான் ஜெரோம் அடுத்து வாய் திறப்பான். அவனுக்கோ கிட்டப்பார்வை, பிரபுவும் தூணும் ஒன்றுதான்.

“பீப்பாய்க்குக் கால் முளைச்ச மாதிரி வர்றான் பாரு!” என்று ஆரம்பித்தான் ஹம்ஃப்ரி.

“உன்னப் பாத்தா எலும்புக்கூடே பரிதாபப்பட்டு ரொட்டி குடுக்கும்டா!” என்றான் ஜெரோம்.

கூட்டம் ஊளையிட்டது. அடுத்து மூக்கு. ஹம்ஃப்ரி ஓரக்கண்ணால் முக்காலியைப் பார்த்தான்.

“போடா, குடிகாரா” என்று முடித்தான்.

ஜெரோம் காத்து நின்றான். பிறகு, மறந்துவிட்டான் போலிருக்கிறது என்று உதவிக்கு வந்தான். “ஏன்டா, என் மூக்கப் பத்தி ஒண்ணும் சொல்லலையா?”

கீழே யாரோ களுக்கென்று சிரித்தார்கள். பிரபு எழுந்தார். கை வாள்பிடியில் இருந்தது.

“மூக்கப் பத்தி என்னய்யா சொல்ல வந்த?”

“பயமா இருக்குங்க, பிரபு. மூக்கப் பேசினா காது போயிரும். காது போயிட்டா நீங்க சிரிக்கிறது எனக்கு எப்படிக் கேக்கும்?”

பிரபு அவனையே பார்த்தார்.

“சொல்லு. அவன் மூக்கப் பாத்துச் சொல்லு.”

ஹம்ஃப்ரி அவருக்கு முதுகைக் காட்டி நின்றான்.

“வீட்டுல கழட்டி வச்சுட்டு வந்தாலும், சாராய வாசனைக்கு ஓடியாந்து ஒட்டிக்குமேடா உன் மூக்கு, இரவல் மூக்கா!”

அரங்கமே அதிர்ந்தது. அத்தனை சிரிப்புக்குள் முதுகுக்குப் பின்னாலிருந்தும் ஒன்று வருகிறதா என்று அவன் காதைத் தீட்டிக் கேட்டான். தெரியவில்லை. திரும்பிப் பார்க்கவும் தைரியம் வரவில்லை. ஜெரோம் அடுத்த வசையை ஆரம்பித்துவிட்டான்.