அத்தானின் வீரக்கதையில் ஓர் ஓட்டை

அந்த ஊரில் கதையை வாயில் மட்டும் வைத்துக்கொள்ள முடியாது. தறியில் நெய்து வைக்க வேண்டும். துணி முழுதாக இருக்கும்வரை கதையும் முழுதாக நாக்குக்கு வரும். அந்துப்பூச்சி ஓரிடத்தைத் தின்றுவிட்டால், சொல்பவர் சரியாக அந்த இடத்துக்கு வந்ததும் பேந்தப் பேந்த விழிப்பார். அதனால் எல்லா வீட்டு அலமாரியிலும் அந்துருண்டை வாசம். மழை விட்ட மறுநாள் மொட்டைமாடிக் கொடிகளில் கல்யாணக் கதைகளும் பங்காளிச் சண்டைகளும் அடுத்தடுத்துக் காயும். கிழிந்தவை தைத்துச் சரிசெய்ய இழைக்கூடத்துக்கு வரும்.

இழைக்கூடத்தில் ஜன்னலோர மேசையில் இருந்தவளை எல்லோரும் ஊசி என்றே கூப்பிடுவார்கள். கையில் இருப்பதும் ஊசி, வாயில் இருப்பதும் ஊசி என்பது அவள் அக்காவின் விளக்கம்.

ஒரு நாள் காலையில் அக்காவின் கணவர், தீயணைப்பு நிலையத் தலைவர், ஒரு துணி மூட்டையைக் கைக்குழந்தை மாதிரி ஏந்திக்கொண்டு வந்தார். பிரிக்காமலே அவளுக்குத் தெரிந்துவிட்டது. இளவட்டமாக இருந்தபோது அத்தான் எரிகிற கட்டடத்துக்குள் புகுந்து ஒரு பெரியவரைத் தோளில் தூக்கி வந்த கதை. அதைக் கேட்டு மயங்கித்தான் அப்பா அக்காவைக் கட்டிக்கொடுத்தார். அதற்குப் பிறகு கல்யாண வீடானாலும் துக்க வீடானாலும் அந்தக் கதை இல்லாமல் பந்தி எழுந்ததில்லை.

"பூச்சி அரிச்சிடுச்சு ஊசி. தோள்ல தூக்கிட்டு வந்தேன்னு சொல்றேன், யாரைன்னு வர மாட்டேங்குது. வெள்ளிக்கிழமை ஸ்டேஷன்ல புதுசா சேர்ந்தவங்களுக்கு வரவேற்பு. அதுக்குள்ள வேணும்."

"பாத்துத் தச்சுடறேன் அத்தான்."

"நல்லா பாத்துத் தை. நீ வழக்கமாத் தைக்கற குழாயடிச் சண்டை இல்ல இது. வீரம்!"

அந்தக் கடைசி வார்த்தைதான் வினை.

அவர் போனதும் துணியை விரித்தாள். கட்டைவிரல் அளவு ஓட்டை. வயதானவர்களைச் சாம்பல் நூலில் நெய்வது வழக்கம்; சாம்பல் நூல்கண்டு கைக்கெட்டும் தூரத்தில்தான் இருந்தது. அதற்குப் பக்கத்தில் புசுபுசுவென்று வெள்ளைப் பஞ்சு நூல் ஒன்றும் கிடந்தது. கை தானாக வெள்ளைப் பக்கம் போய்விட்டதாக அவள் பிற்பாடு சொன்னாள். கை தானாகப் போகலாம். தானாக ஒரு மெத்தையை நெய்து, அழகுக்கு நீலக் கோடும் போட்டு, முடிச்சும் போடுமா?

வெள்ளிக்கிழமை குடும்பமே முன்வரிசையில் உட்கார்ந்திருந்தது. அத்தான் மீசையைத் தடவிவிட்டு ஆரம்பித்தார்.

"ஒரே புகை. கண்ணு தெரியல. கையை நீட்டறேன், மெத்துனு தட்டுப்படுது. தூக்கித் தோள்ல போட்டேன். கீழ வந்து தரையில படுக்க வச்சு, நாடி பிடிச்சுப் பாத்தா..."

அதற்குமேல் வாய் அவர் பேச்சைக் கேட்கவில்லை.

"...மெத்தை! நீலக் கோடு போட்ட மெத்தை!"

சிரிப்பில் கூரை பிய்த்துக்கொண்டது. புதிதாகச் சேர்ந்தவர்களில் ஒருவர் நாற்காலியோடு மல்லாந்தார்.

மறுநாள் கூடம் திறந்ததுமே அத்தான் வந்து நின்றார். பின்னால் அக்கா. சாம்பல் நூல் தீர்ந்துவிட்டது என்று சொல்ல ஊசி வாயெடுத்தாள். அத்தான் மேசைமேல் குனிந்து குரலைத் தாழ்த்தினார்.

"நீலக் கோடு வரைக்கும் உனக்கு யாரு சொன்னா?"

ஊசிக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆனால் முகத்தில் காட்டுகிற ஆளா அவள்? "யாராவது சொல்லணுமா அத்தான்? எல்லாம் தெரியும்" என்றாள்.

அத்தான் முக்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். "அந்தப் பெரியவர் முன்னாடியே இறங்கி வந்து கூட்டத்துல நின்னிருக்கார். நான் மெத்தைக்கு நாடி பாத்துட்டிருக்கேன். பின்னாடி வந்து தோளைத் தட்டி, 'தம்பி, நான் இங்க இருக்கேன்'னார்."

"அப்புறம்?"

"பாவம் பாத்து, 'நீ என்னையே தூக்கினதா இருக்கட்டும்'னுட்டார். மெத்தையையும் எனக்கே குடுத்துட்டார்."

அதுவரை சும்மா இருந்த அக்கா நிமிர்ந்தாள். "எந்த மெத்தை?"

அத்தான் ஜன்னலைப் பார்த்தார்.

"நம்ம கட்டில்ல கிடக்கே, அதுவா? கல்யாணமானதுலேர்ந்து படுத்தா புகை நாத்தம். உங்க தலையில இருந்துதான் வருதுன்னு எத்தனை எண்ணெய் மாத்தியிருப்பேன்!"

"ஊசி, பழையபடி தச்சுக் குடுத்துடு" என்று கெஞ்சினார் அத்தான்.

"முடியாது அத்தான். சபையில சொல்லியாச்சுன்னா இழை இறுகிடும். பிரிச்சா துணியே போயிடும்."

அக்கா பத்ரகாளி ஆகப் போகிறாள் என்றுதான் இருவரும் நினைத்தார்கள். அவளோ கண்ணில் தண்ணீர் வர, மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தாள். "இருந்துட்டுப் போகட்டும். வீரரைப் பாத்து மயங்கினது எங்கப்பா. எனக்கு மெத்தைக்கு நாடி பாத்த மனுஷனைத்தான் புடிச்சிருக்கு" என்றாள். "நாடி துடிக்கற மாதிரிதான்டி இருந்தது" என்றார் அத்தான். அக்கா மறுபடி சிரிக்க ஆரம்பித்துவிட்டாள்.

அத்தான் தப்பித்தார், ஊசி மாட்டினாள். வந்தவர் சொன்னதைத்தான் தைக்க வேண்டும், நிஜமே ஆனாலும் நம் இஷ்டத்துக்குத் தைக்கக் கூடாது என்று கூடத்தின் மேலாளர் அம்மா அவளைத் தண்டனையாகக் கொஞ்ச நாள் சாயப்பட்டறைக்கு அனுப்பிவிட்டார். முழங்கைவரை நீலமாகித் திரும்பி வந்தபோது, அவள் தைத்தால் நிஜம் வெளியே வந்துவிடும் என்று ஊரெல்லாம் பேச்சு. ஜன்னலோரம் அவள் உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததும் ஆண்கள் மூட்டையை அணைத்துக்கொண்டு அடுத்த மேசைக்கு நழுவினார்கள்.

அவள் மேசைக்கு வந்தவர்கள் பெண்கள். முதலில் வந்த வேட்டைக்காரரின் மனைவி துணியை விரித்து, "எங்க வீட்டுக்காரர் புலியை விரட்டின கதை" என்றாள்.

ஊசி புரட்டிப் புரட்டிப் பார்த்தாள். "ஒரு இழைகூடப் போகலையே. ஓட்டை எங்க?"

வேட்டைக்காரரின் மனைவி மேலாளரின் அறைப்பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டு, பையிலிருந்து கத்தரிக்கோலை எடுத்து மேசையில் வைத்தாள்.

"ஓட்டைதானே? போட்டுக்கலாம்."