சி பிரிவு வாடிக்கையாளர்

...மதிப்பு என்றால் என்ன என்று அந்தக் கம்ப்யூட்டர் கம்பெனி ஸ்ரீஜித் ஆரம்பத்திலிருந்தே கேட்டுக்கொண்டிருக்கிறான், கேட்கிறவனே பதிலையும் திரையில் எழுதி வைத்திருக்கிறான், பிறகு எதற்குக் கேட்பது, 'தகவல் தொழில்நுட்பம் நிறுவனத்துக்குத் தரும் வணிக மதிப்பு', அதன்கீழ் வானத்தைப் பார்த்த பச்சை அம்பு, திருவனந்தபுரம் ஆரியசாலையில் வற்றல் மிளகாய் விற்கும் இடம் போன ஓணம் வரை தாணுலிங்கம் கடை, இப்போது நிறுவனம்... மகன் ஹரிகுமார் மாடியில் ஏசி வைத்துக் கண்ணாடிக் கதவும் போட்டான், கதவிடுக்கில் மிளகாய் நெடி ஏறிவந்து ஸ்ரீஜித் தும்மினான், மதிப்பு, தும்மல், மறுபடி மதிப்பு, தாணுலிங்கம் கைக்குட்டையை நீட்டினார், அது மட்டும்தான் இந்தக் கூட்டத்தில் அவருக்குத் தெரிந்த தொழில்நுட்பம். வாடிக்கையாளரை ஏ, பி, சி என்று சிஸ்டம் பிரித்திருக்கிறதாம், சி என்றால் நேரில் விற்பனை கிடையாது, ஆப் வழியாக, குறைந்தது ஒரு மூட்டை... எலிசாள் ஒரு மூட்டையை வைத்துக்கொண்டு என்ன செய்வாள்?

விழிஞ்ஞத்தில் துறைமுக வேலையாட்களுக்குப் புட்டும் சாயாவும் விற்கிறவள், விடிந்ததும் முதல் பஸ்ஸில் வருவாள், அவளுக்குக் கொஞ்சம் மிளகாயும் மல்லியும் கொடுத்துப் போணி ஆன பிறகுதான் மற்றவர்களுக்கு எடை, லாரியோடு வந்தவனும் நிற்பான், கைராசி என்று ஊருக்குச் சொன்னது, ராசியாவது ஒன்றாவது, மனைவி மங்கலம் போய்ச் சேர்ந்த பிறகு காலையில் சட்டையை இஸ்திரி போட்டு உடுத்த ஒரு மனிதனுக்கு வேறென்ன காரணம்... எனக்கு முன்ன ஆருக்காவது எடை போட்டியளா அண்ணாச்சி என்பாள், நீ வந்தாத்தானே தராசே அசையும் என்பார் இவர், அவள் மூட்டைப் பக்கம் திரும்பிக்கொண்டு சிரிப்பாள், அதற்கு மேல் ஒரு சொல் உண்டா, இல்லை, எதற்கு, நாளைக்கும் வருவாள்தானே என்றுதானே... அவளைச் சிஸ்டம் தள்ளிய காலையில் இவர் இதே மாடியில் பாஸ்வேர்டு போடப் படித்துக்கொண்டிருந்தார், மங்கலம் என்று போட்டால் வலு போதாது என்றது. கீழே கவுண்டரில் அனீஷ், அக்கா, உங்க பேர சிஸ்டம் எடுக்கல்ல என்றானாம், அண்ணாச்சிக்குத் தெரியுமா என்று ஒன்றே ஒன்று கேட்டாளாம், அந்த மடையன் உண்மையைச் சொல்லியிருக்கிறான்: "அண்ணாச்சிதான் மேல சிஸ்டம் பாக்குதாரு." மாடிப்படியை ஒருதரம் பார்த்தாளாம், பையை மடித்து அக்குளில் வைத்துக்கொண்டாளாம்... விழிஞ்ஞத்துக்குப் போய்த் தேடினால், எந்த எலிசாள் என்கிறார்கள், தினமும் வருகிறவளிடம் வீடு எங்கே என்று யார் கேட்டு வைப்பார்கள்?

இனி லைவ் டெமோ என்றான் ஸ்ரீஜித், விட்டுப்போன வாடிக்கையாளர்களைச் சிஸ்டமே கூப்பிடுமாம், ஒரு பொத்தான் போதுமாம், சி பிரிவில் ஒரு பெயரைப் பரீட்சைக்கு எடுத்து அழுத்தினான், தாணுலிங்கத்தின் சட்டைப்பையில் போன் அதிர்ந்தது, எடுத்துத் திறந்தார். 'அன்புள்ள எலிசாள், உங்களைக் காணாமல் வருந்துகிறோம். திரும்பி வாருங்கள்.' பத்து சதவீதம் தள்ளுபடி... அட, முதலில் எல்லார் பெயரையும் ஏற்றும்போது போன் நம்பர் இல்லாமல் சிஸ்டம் நகரமாட்டேன் என்றது, அவளிடம் போன் கிடையாது, என் நம்பரைப் போட்டு விடுடே என்று அனீஷிடம் சொன்னது இவர்தானே, எவனோ எழுதிய வரி, மிளகாயின் காரம் தெரியாதவன், இத்தனை வருஷம் இவர் வாயில் வராததை இவருக்கே அனுப்பியிருக்கிறான். திரையில் அவள் பெயருக்கு நேரே இருந்த சிவப்புப் புள்ளி பச்சையானது. "கண்டோ அங்கிளே," என்றான் ஸ்ரீஜித், முகமெல்லாம் பல், "கஸ்டமர் அப்பழே வாயிச்சு. இதாணு வேல்யூ." வாடிக்கையாளர் உடனே படித்துவிட்டாளாம், இதுதான் மதிப்பாம், ஹரிகுமார் கைதட்டினான். தாணுலிங்கம் போனை மடியில் மறைத்துக்கொண்டார், செய்தியின் கீழே இரண்டு கட்டம் இருந்தது, 'வருகிறேன்', 'இனி வேண்டாம்', எல்லோரும் திரையைப் பார்த்தபடி அவள் பதிலுக்குக் காத்திருந்தார்கள், எந்த வற்றலை எடுப்பாள், எதை முகர்ந்துவிட்டுத் தள்ளுவாள் என்று இவருக்குத் தெரியும், இதில் எதை அழுத்துவாள் என்று... விரல் போன் கண்ணாடிக்கு மேலேயே நின்றது.