எர்சிலியா நிற்கும் இடம்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை மழைக்கு ஒதுங்கப் போன இடத்தில் கிடைத்தது. இத்தாலியில், மாந்துவா நகர நாடக அரங்கின் வாயில்காப்பாளர் எனக்குப் பழக்கம். "உள்ள போய் உக்காரு, ஒத்திகதான் நடக்குது" என்றார். போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். மேடையில் ஒரு கதவு திறந்தது. வயதான நடிகை ஒருத்தி கையில் சூப் பாத்திரத்தோடு வந்தாள். வந்தவள் வாயே திறக்காமல் காலி நாற்காலிகளைப் பார்த்து நின்றாள். வசனம் மறந்துவிட்டதாக்கும் என்று நினைத்தேன். அது இல்லை. கைதட்டலுக்குக் காத்திருந்தாள்.

(நாயகி முதன்முதலாக மேடைக்கு வரும்போது, அவள் ஒரு வார்த்தை பேசுவதற்கு முன்பே இங்கே கைதட்டுவார்கள். நடிப்புக்கு இல்லை, வந்ததற்கு. தட்டி ஓயும்வரை அவள் நின்று தலைகுனிவாள். பிறகுதான் நாடகம்.)

2

'எர்சிலியா பொம்பியாத்தி கண்ணாடி முன் அமர்ந்து, தன் முகத்தின் சுருக்கங்களை ஒவ்வொன்றாக…'

வேண்டாம். வயதான நடிகை என்றதும் கண்ணாடியைத் தூக்கிக்கொண்டு ஓடிவரும் புத்தி எனக்கு எப்போதுதான் போகுமோ.

'வீட்டை விட்டு ஓடிவந்த எர்சிலியா…'

அவள் எங்கே ஓடிவந்தாள்? நடிகர் குடும்பம். ஊர் ஊராகப் போகும் குழுவில், உடைப் பெட்டிகளுக்கு நடுவில் பிறந்தவள். தொட்டிலில் கிடந்தபோதே மேடைக் குழந்தை, வளர்ந்ததும் நாயகியின் தோழி வேஷம், அப்புறம் முப்பது வருடம் நாயகி. இந்த வருடம்தான் அம்மா வேஷம். அதையும் அவளே கேட்டு வாங்கினாள். காதல் காட்சியில் மண்டியிட்டால் எழுந்திருக்க முடியவில்லை. காதலன்தான் தூக்கிவிட வேண்டியிருந்தது.

(ஒரு வில்லனைக் கொண்டுவர எவ்வளவோ முயன்றேன். இரக்கமில்லாத முதலாளி, வேஷத்தைத் தட்டிப் பறித்த இளம் நடிகை என்று. யாரும் அகப்படவில்லை. எர்சிலியா சந்தோஷமாகத்தான் இருந்தாள். எனக்குத்தான் சங்கடம்.)

3

ஆகவே இப்படித் தொடங்குகிறேன். முதல் நாள் நாடகத்தன்று மத்தியானம், எர்சிலியா பூசணிக்காய் அடைத்த தோர்த்தெல்லி என்ற மாவுக் கொழுக்கட்டையை ரசித்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். எதிரில் தாரியோ. முப்பது வருடமாக மேடையில் அவளுடைய காதலன், இப்போது கணவன் வேஷம். பக்கத்தில் புது நாயகி நிவேஸ்.

"நேத்து ஒத்திகையில மறுபடியும் நின்னுட்ட" என்றான் தாரியோ.

"நின்னேனா?"

"நின்னேனாவா? ஒத்தாவியோ பாவம், மேடைக்கு முன்னால குழிக்குள்ள உக்காந்து வசனம் எடுத்துக் குடுத்துக் குடுத்துத் தொண்டை வத்திப்போச்சு. தெருவுல போறவனுக்கே கேட்டிருக்கும்."

"காலு தானா நிக்குதுடா. நான் என்ன பண்ண?"

"இன்னிக்கு நிக்காத. நேரா வா, 'சூப் ஆறுது'ன்னு சொல்லு, உக்காரு. அம்மா வேஷத்துக்கு எவனும் தட்டமாட்டான். நீ பாட்டுக்கு நின்னு, சபை கம்முனு இருந்துச்சுன்னா…"

"இருந்துச்சுன்னா?"

"என்னால பாக்க முடியாது, எர்சிலியா."

"சின்யோரா, நான் வேணா சட்டுனு பேச ஆரம்பிச்சுடறேன். நீங்க நின்னதே தெரியாது" என்றாள் நிவேஸ்.

"நீ சும்மா இருடி. மொதல்ல உனக்குத் தட்டுறாங்களான்னு பாப்போம்."

மூவரும் சிரித்தார்கள். ஆனால் எர்சிலியாவின் தட்டில் கடைசித் துண்டு அப்படியே இருந்தது. அவளுக்குப் பயமாக இருந்தது. வேஷம் கைமாறியதில் துளிகூட வருத்தமில்லை. அந்த ஒரு நிசப்தத்தைத்தான் அவளால் தாங்க முடியாது.

4

முதல் முடிவு: அவள் நிற்கிறாள், யாரும் தட்டவில்லை, கண்ணீர். எழுதிப் பார்த்தேன். எர்சிலியா படித்தால் என்னை அறைவாள்.

இரண்டாவது: கூரை அதிரக் கைதட்டல். பொய்.

மூன்றாவது: நிவேஸ் மேடையிலேயே எழுந்து தட்ட, சபை முழுவதும்… தித்திப்பு தாங்கவில்லை. அடித்துவிட்டேன்.

5

நிவேஸுக்கு நன்றாகவே தட்டினார்கள். கதவுக்குப் பின்னால் சூப் பாத்திரத்தோடு நின்ற எர்சிலியாவுக்கு அது கேட்டது. அவளுக்குச் சிரிப்பு வந்தது. நல்ல பெண்தான்.

"நேரா போயிடு" என்று கிசுகிசுத்தான் தாரியோ.

"இல்லடா. நிக்கத்தான் போறேன்."

"பைத்தியமா உனக்கு?"

"இத்தன வருஷமா அவங்க தட்டினாங்க, நான் தலையக் குனிஞ்சேன். ஒரு தடவகூட அவங்க மூஞ்சியப் பாத்ததில்ல. தட்டுனாத் தட்டட்டும், தட்டாட்டிப் போகட்டும். நல்லாப் பாத்துட்டு அப்புறம் சூப்பைச் சொல்றேன்."

அவள் பயம் போய்விட்டது என்று எழுத ஆசை. போகவில்லை. பாத்திரத்தின் மூடி இலேசாகக் கடகடத்தது.

6

அதற்கு மேல் எனக்குத் தெரியாது. ஒத்திகை முடிந்ததும் மழை விட்டது. நான் ரயிலைப் பிடிக்க ஓடிவிட்டேன். நாடகத்தை நான் பார்க்கவில்லை; நிவேஸுக்குத் தட்டியதுகூட நான் கட்டியதுதான்.

ஆனால் கதவைத் திறந்துவிட்டேன். எர்சிலியா வந்து நிற்கிறாள். இந்த முறை தலை குனியவில்லை. வரிசை வரிசையாகப் பார்த்துக்கொண்டே வந்து, இப்போது உங்களைப் பார்க்கிறாள்.

கையில் இருப்பதைக் கொஞ்சம் கீழே வைக்கிறீர்களா? இரண்டு கையும் வேண்டியிருக்கும்.